சோதனை ஆவணப்படம் எடுப்பது எப்படி: முதல் கேள்வியிலிருந்து கடைசிப் பிரதி வரை

தயாரிப்பு நிறுவனம் இல்லை, தொலைக்காட்சி ஒப்பந்தம் இல்லை, கூட வர ஓர் ஒலிப்பதிவாளர்கூட இல்லை. கையில் ஒரு கேமரா இருக்கிறது, விடாமல் துரத்தும் ஒரு விஷயம் இருக்கிறது. அதைப் பேட்டி, பின்னணிக் குரல், இடையிடையே சோக இசை என்ற பழகிய அச்சில் ஊற்ற மட்டும் மனம் வரவில்லை. இந்த நிலையில் இருப்பவர்களுக்காக எழுதப்பட்ட வழிகாட்டி இது. கேமராவை இயக்கவும் ஓர் எடிட்டிங் மென்பொருளில் வெட்டி ஒட்டவும் ஓரளவு தெரியும் என்று வைத்துக்கொண்டு எழுதுகிறேன்.

வழக்கமான ஆவணப்படத்தில் விஷயம் மட்டும்தான் புதிது, வடிவம் ஏற்கெனவே தயாராக இருக்கும். சோதனை ஆவணப்படத்தில் வடிவத்தையும் நாமே தேட வேண்டும், அதுவும் எடுத்துக்கொண்ட விஷயத்துக்குள்ளிருந்தே. இதைச் சிலர் கட்டுப்பாடே இல்லாத வேலை என்று நினைத்துக்கொண்டு இறங்குகிறார்கள். சோவியத் இயக்குநர் ஜிகா வெர்தோவ் 1929-இல் வெளியிட்ட மூவி கேமரா மனிதனைப் பற்றிய படத்தின் தொடக்கத்தைப் பாருங்கள்: இடையில் எழுத்து அட்டை கிடையாது, திரைக்கதை கிடையாது, அரங்கமும் நடிகர்களும் கிடையாது என்று அறிவித்துவிட்டுத்தான் அது ஆரம்பிக்கிறது. இப்படித் தனக்கென்று ஒரு சட்டம் போட்டுக்கொள்வதில்தான் வேலையின் பாதி இருக்கிறது. இந்த வழிகாட்டியும் அந்த இடத்தில்தான் அதிக நேரம் நிற்கும்.

1. விஷயத்தைக் கேள்வியாக மாற்றுங்கள்

‘மூடப்பட்ட ஓர் ஆலை’ என்பது விஷயம். எதை எடுப்பது, எதை விடுவது என்று அது சொல்லாது. ‘ஆலைச் சங்கு ஊதுவது நின்று வருடங்கள் ஆன பிறகும், அந்தச் சத்தத்தை வைத்தே எழுந்து, சமைத்து, தூங்கியவர்களின் உடம்பில் அந்த நேரம் இன்னும் ஓடுகிறதா?’ என்பது கேள்வி. இது வந்தவுடனேயே கேமரா போக வேண்டிய இடம் தெரிந்துவிடுகிறது. ஆலைக்குள் போக வேண்டிய அவசியமில்லை, சுற்றியுள்ள வீடுகளுக்குள் போக வேண்டும். இந்தக் கற்பனை ஆலையையே கடைசிவரை உதாரணமாக வைத்துக்கொள்வோம்.

கேள்வி சரியானதா என்று பார்க்க இரண்டு சோதனைகள் போதும். நாலு புத்தகத்தைப் படித்தால் பதில் கிடைத்துவிடுமா? கிடைத்துவிடும் என்றால் அது கட்டுரைக்கான கேள்வி. பதிலைத் தேட கேமராவோ மைக்கோ கட்டாயம் வேண்டுமா? வேண்டும் என்றால் மேலே போகலாம். கேள்வியை ஒரே வாக்கியத்தில் எழுதி வையுங்கள். படம் முடிவதற்குள் அது மாறும், மாறட்டும். ஆனால் எழுதாமல் தொடங்கினால், மாறியது தெரியாமலேயே மாறிவிடும்.

2. படத்துக்கு ஒரு விதி போடுங்கள்

கேள்வியிலிருந்து விதி பிறக்க வேண்டும். ஆலைப் படத்துக்கு இப்படிச் சில விதிகள் தோன்றுகின்றன: ஷிஃப்ட் மாறும் நேரங்களான காலை 6, பகல் 2, இரவு 10 ஆகியவற்றை ஒட்டி மட்டுமே படம் பிடிப்பது. ஆலைக் கட்டடத்தை ஒருமுறைகூடக் காட்டாமல் இருப்பது. யாரும் கேமராவைப் பார்த்துப் பேசாமல் இருப்பது. நிஜமான சங்கின் ஒலியைப் படத்தில் எங்கும் சேர்க்காமல் இருப்பது. நான்கும் கேள்விக்கே திரும்பிப் போவதைக் கவனியுங்கள். சங்கு இல்லாமல் போனதுதான் விஷயம் என்றால் பார்வையாளருக்கும் அது கிடைக்கக் கூடாது.

நல்ல விதி எப்படி வேலை செய்யும் என்பதற்கு மூன்று படங்களைச் சொல்கிறேன். ஷாந்தால் ஆக்கர்மன் 1970-களில் நியூயார்க்கில் எடுத்த படத்தில், நகரத்தின் தெருக்களும் சுரங்க ரயில்களும் நீண்ட ஷாட்டுகளாக வருகின்றன. ஊரிலிருந்து அம்மா எழுதிய கடிதங்களை இயக்குநரே வாசிக்கிறார். வாகன இரைச்சல் அவ்வப்போது அந்தக் குரலை விழுங்கிவிடும். அம்மாவுக்கும் மகளுக்கும் நடுவிலுள்ள தூரத்தை யாரும் விளக்க வேண்டியதில்லை, காது அதைப் புரிந்துகொள்கிறது. எய்ட்ஸ் தொடர்பான நோயால் பார்வையை இழந்துகொண்டிருந்த டெரக் ஜார்மன், 1993-இல் வெளியான தன் படத்தில் தொடக்கத்திலிருந்து முடிவு வரை ஒரே நீல நிறத்தை மட்டும் திரையில் வைத்தார். மற்றதெல்லாம் குரலும் ஒலியும்தான். மூன்றாவது ஹருன் ஃபரோக்கி 1969-இல், உடம்பில் ஒட்டிக்கொண்டு எரியும் நேபாம் குண்டைப் பற்றி எடுத்த குறும்படம். காயங்களின் படத்தைக் காட்டினால் நீங்கள் கண்ணை மூடிக்கொள்வீர்கள் என்று கேமராவிடம் சொல்லிவிட்டு, எரியும் சிகரெட்டைத் தன் கையில் வைத்து அழுத்துகிறார். சிகரெட் எரிவது ஏறத்தாழ 400 டிகிரியில், நேபாம் எரிவது ஏறத்தாழ 3000 டிகிரியில் என்று அதற்குப் பின்னால் ஒரு குரல் சொல்கிறது. காட்ட முடியாத ஒன்றை எப்படிக் காட்டுவது என்ற சிக்கலுக்கு ஒரு நாற்காலி, ஒரு மேசை, ஒரு சிகரெட்டில் விடை கண்டுபிடித்துவிட்டார்.

உங்கள் விதியைச் சோதிக்க ஒரு வழி: அதைத் தூக்கி வேறொரு படத்தில் வைத்துப் பாருங்கள். அங்கேயும் அப்படியே பொருந்துகிறதா? அப்படியானால் அது வெறும் அலங்காரம். திரையை நான்காகப் பிரிப்பது, காட்சியைப் பின்னோக்கி ஓட்டுவது, நிறங்களைச் சிதைப்பது எல்லாம் பெரும்பாலும் இந்தச் சோதனையில் தோற்றுவிடும். எந்த நகரத்துப் படத்துக்கும் பொருந்தும் உத்தி உங்கள் படத்துக்கு எதையும் செய்யவில்லை என்றுதான் பொருள்.

விதிகள் மூன்று நான்குக்கு மேல் போக வேண்டாம். ஒரே தாளில் எழுதி, கேமராப் பைக்குள் வைத்துக்கொள்ளுங்கள். விதியை மீறலாமா என்று கேட்டால், மீறலாம், படத்தில் ஓரிடத்தில் மட்டும். அந்த இடத்துக்கு வந்து சேரத்தான் அதுவரை படம் ஓடியது என்று பார்ப்பவர் உணர வேண்டும். ஆலையைக் காட்டாமலேயே ஐம்பது நிமிடம் ஓட்டிவிட்டு ஒரே ஒரு ஷாட்டில் காட்டினால் அந்த ஷாட்டுக்குப் பலம் உண்டு. ஐந்தாம் நிமிடத்திலேயே காட்டிவிட்டால் விதி இருந்ததே யாருக்கும் தெரியாது.

3. சின்னதாக எடுத்துப் பாருங்கள்

விதி தாளில் நன்றாக இருக்கும், திரையில் சொதப்பலாம். அதனால் முழுப் படப்பிடிப்புக்குப் போகும் முன், அதே விதியோடு மூன்று நான்கு நிமிடம் ஓடும் ஒரு துண்டை எடுத்து, எடிட் செய்து, ஒலியும் சேர்த்து முடித்துவிடுங்கள். ஒரு வாரத்துக்கு மேல் இதற்குச் செலவிட வேண்டாம்.

பிறகு அந்தத் துண்டை வைத்து விளையாட வேண்டும். ஒலியை அணைத்துவிட்டுப் பாருங்கள், படத்தை மறைத்துவிட்டுக் கேளுங்கள். இருபது விநாடி ஷாட்டை இரண்டு நிமிடத்துக்கு நீட்டுங்கள். நீளமான ஷாட்டில் ஒரு விசித்திரம் உண்டு: முதலில் கண் விவரங்களைப் படித்து முடிக்கும், பிறகு சலிக்கும், அதையும் தாண்டினால் மறுபடி தேட ஆரம்பிக்கும். சலிப்போடு நின்றுவிடுகிறதா, தாண்டிப் போகிறதா என்பதை ஷாட்டைப் பார்த்தால்தான் சொல்ல முடியும், யோசித்துச் சொல்ல முடியாது.

4. பணம்

சுருக்கமாகவே சொல்கிறேன், ஏனென்றால் நாட்டுக்கு நாடு வழிகள் வேறு. நிதி உதவிக்கு விண்ணப்பிக்கும்போது பெரும்பாலும் கேட்பது ஒரு டிரீட்மென்ட் (படம் எப்படி இருக்கும் என்று விவரிக்கும் எழுத்து), ஒரு பட்ஜெட், ஒரு மாதிரிக் காட்சி. டிரீட்மென்ட்டில் தத்துவம் எழுதுவதைவிட, அரங்கில் விளக்கு அணைந்ததும் முதலில் என்ன தெரியும், என்ன கேட்கும் என்று நிகழ்காலத்தில் எழுதுவதுதான் எடுபடும். மூன்றாம் படியில் எடுத்த துண்டுதான் மாதிரிக் காட்சி. பட்ஜெட்டில் பலர் விட்டுவிடும் வரிகள் இவை: உங்கள் சொந்தச் சம்பளம், பழைய காட்சிகளுக்கான உரிமத் தொகை, ஒலிக்கலவை, சப்டைட்டில், ஹார்டு டிஸ்க், விழா நுழைவுக் கட்டணம்.

5. படத்தில் வருபவர்களிடம் பேசுங்கள்

ஒப்புதல் படிவத்தில் கையெழுத்து வாங்குவதோடு இந்த வேலை முடிந்துவிடாது. ஆவணப்படம் என்றால் உட்கார்ந்து பேட்டி கொடுப்பது என்றுதான் பலரும் நினைப்பார்கள். அப்படி நினைத்துச் சம்மதித்தவர், தன் முகம் எங்குமே வராமல், தன் மூச்சுச் சத்தம் மட்டும் ஒரு வெற்று அறையின் மேல் ஓடுவதைத் திரையில் பார்த்தால் என்ன நினைப்பார்? ஆகவே, எடுப்பதற்கு முன்பே உங்கள் சோதனைத் துண்டை அவர்களுக்குப் போட்டுக் காட்டுங்கள். ‘இப்படித்தான் இருக்கும், இதில் நீங்கள் இப்படி வருவீர்கள்’ என்று சொல்லுங்கள். சிரித்துவிட்டு ‘இது என்ன படம்?’ என்று கேட்பவர்களும் உண்டு. அந்தக் கேள்விக்குப் பதில் சொல்லிப் பழகுவதும் நல்லதுதான்.

சம்மதத்தை மூன்று முறை கேட்பது என் பழக்கம்: எடுக்கும் முன், எடுத்த பிறகு, ரஃப் கட்டை, அதாவது முழுப் படத்தின் முதல் கரட்டு வடிவத்தை, காட்டிய பிறகு. எந்தக் கட்டம் வரை விலகிக்கொள்ளலாம் என்பதை முதலிலேயே சொல்லிவிடுங்கள். எழுதப் படிக்கத் தெரியாதவரிடம் வாய்மொழிச் சம்மதத்தைக் கேமராவிலேயே பதிவு செய்யலாம். ழான் ரூஷும் எட்கர் மோரனும் 1961-இல் வெளியிட்ட பாரிஸ் படத்தில், பங்கேற்றவர்களுக்கே காட்சிகளைப் போட்டுக் காட்டி, அதைப் பார்த்து அவர்கள் சண்டை போட்டுக்கொண்டதையும் படத்தில் வைத்தார்கள். மூன்றாவது சம்மதம் இப்படிப் படத்துக்கே தீனியாவதும் உண்டு.

அடையாளத்தை மறைக்க வேண்டியவர்கள் விஷயத்தில் கூடுதல் கவனம் வேண்டும். குரலின் சுருதியை ஏற்றி இறக்குவது போதாது, அதை மென்பொருளில் திரும்பச் சரிசெய்துவிட முடியும். வேறொருவரைப் பேசவைத்துப் பதிவு செய்வது பாதுகாப்பானது. ஃபோனில் எடுத்த கோப்புகளில் இடத்தின் ஆயங்கள் பதிந்திருக்கலாம், எடுக்கும் முன்பே அந்த வசதியை அணைத்துவிடுங்கள். முகம் மறைந்தாலும் சட்டை, செருப்பு, சுவரில் மாட்டியிருக்கும் படம் ஆகியவை காட்டிக்கொடுத்துவிடும்.

6. கருவி

எந்தக் கேமரா நல்லது என்ற விவாதத்தில் பல படங்கள் தொடங்காமலே போயிருக்கின்றன. ஆனியெஸ் வர்தா 2000-ஆம் ஆண்டில், தனது எழுபதுகளில், கைக்கடக்கமான ஒரு டிஜிட்டல் கேமராவை எடுத்துக்கொண்டு பிறர் விட்டுப்போனதைப் பொறுக்கி வாழ்பவர்களைத் தேடிப் போனார். அந்தச் சின்னக் கருவி இருந்ததால்தான் ஒரு கையால் தன் இன்னொரு கையையே படம் பிடிக்க அவரால் முடிந்தது. 2012-இல் லூசியன் காஸ்டெய்ன்-டெய்லரும் வெரீனா பராவலும் ஒரு மீன்பிடிக் கப்பலில் எடுத்த படத்தில், தண்ணீர் புகாத சிறு கேமராக்கள் வலைக்கும் அலைக்கும் நடுவே போய்வருகின்றன. கருவியைத் தேர்ந்தெடுப்பதும் விதியின் ஒரு பகுதி.

16 மி.மீ. ஃபிலிமில் எடுக்க ஆசை இருந்தால் ஒரு கணக்கு: 100 அடிச் சுருள், விநாடிக்கு 24 ஃபிரேம் வேகத்தில், ஏறத்தாழ 2 நிமிடம் 45 விநாடிதான் ஓடும். கையால் சாவி முறுக்கும் போலெக்ஸ் கேமராவில் ஒரு முறுக்குக்கு அரை நிமிடம்கூடத் தாங்காது. அதாவது நீண்ட ஷாட் என்ற விதி அங்கே செல்லாது.

கையில் இருக்கும் பணத்தில் முதலில் மைக் வாங்குங்கள். ஹெட்ஃபோன் அடுத்தது. கேமரா கடைசியில்.

7. படப்பிடிப்பு

எக்ஸ்போஷர், ஃபோகஸ், வெண்சமநிலை (ஒயிட் பேலன்ஸ்) மூன்றையும் கையால் பூட்டிவிடுங்கள். தானியங்கி முறையில் விட்டால், நீண்ட ஷாட்டின் நடுவில் யாரோ ஜன்னலைக் கடக்கும்போது மொத்தச் சட்டமும் (ஃபிரேமும்) வெளிறி மீளும். விநாடிக்கு 50 சுழற்சி மின்சாரம் உள்ள இடத்தில் ஷட்டரை 1/50-இலும், 60 சுழற்சி உள்ள இடத்தில் 1/60-இலும் வைத்தால் விளக்குகள் துடிப்பது பெரும்பாலும் நின்றுவிடும். ஃபோனில் எடுப்பவர்கள் நிலையான ஃபிரேம் வேகம் தரும் செயலியைப் பயன்படுத்துங்கள். வேகம் ஏறி இறங்கினால் தனியாகப் பதிந்த ஒலி நிமிடத்துக்கு நிமிடம் படத்திலிருந்து விலகிக்கொண்டே போகும்.

ஷாட்டைச் சீக்கிரம் நிறுத்தாதீர்கள். முடிந்துவிட்டது என்று தோன்றிய பிறகும் கேமராவை ஓடவிடுங்கள். கேமரா இன்னும் ஓடுகிறது என்பதை எதிரே இருப்பவர் மறக்கும் நேரம் அது. சம்மதம் இதற்கும் சேர்த்து இருக்க வேண்டும் என்பதால், பிற்பாடு அந்தப் பகுதியை அவரிடம் காட்டிக் கேட்டுவிடுவது நல்லது.

அன்றைக்கு எடுத்ததை அன்றிரவே பாருங்கள். பார்த்துவிட்டு எழுதுங்கள். தொழில்நுட்பக் குறிப்பு ஒரு பக்கம் இருக்கட்டும், எதிர்பாராமல் வந்தது என்ன என்பதைத் தனியாக எழுதுங்கள். இந்த இரண்டாவது பட்டியலிலிருந்துதான் படம் வரும். ஆலைப் படத்தில், பகல் இரண்டு மணிக்கு ஒரு வீட்டில் யாரும் எதுவும் செய்யவில்லை, ஆனால் மூன்று பேரும் ஒரே நேரத்தில் சுவர்க்கடிகாரத்தைத் திரும்பிப் பார்த்தார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். அதற்காகத் திட்டம் போட்டிருக்க முடியாது. விதி உங்களை இரண்டு மணிக்கு அங்கே உட்காரவைத்ததால் கிடைத்தது.

8. ஒலியைத் தனிப் படமாக நினைத்துப் பதியுங்கள்

பேச்சுப் படம் புதிதாக வந்துகொண்டிருந்த 1928-லேயே சோவியத் இயக்குநர்கள் ஐசன்ஸ்டீன், புதோவ்கின், அலெக்ஸாண்ட்ரோவ் மூவரும் ஓர் அறிக்கையில் எச்சரித்தார்கள்: உதடு அசைவதற்கு ஏற்பச் சத்தம் வருவதோடு நின்றுவிட்டால் மான்டாஜ் (ஷாட்டுகளை மோதவைத்து அர்த்தம் உண்டாக்கும் கலை) செத்துப்போகும், ஒலியைப் படத்துக்கு எதிராக வைத்துப் பழகுங்கள் என்று. தனியாக வேலை செய்பவருக்கு இது நடைமுறையிலும் லாபம். படமும் ஒலியும் ஒரே நேரத்தில் கிடைக்க வேண்டியதில்லை என்றானதும், ஒரே ஆள் இரண்டையும் வேறு வேறு நாளில் நிதானமாகப் பதியலாம்.

அடிப்படை அமைப்பு: 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், சுருக்கப்படாத வேவ் கோப்பு. சத்தத்தின் உச்சம் மைனஸ் 12 டெசிபல் அருகே இருக்கட்டும். எந்த அறையில் எடுத்தாலும், எல்லோரையும் பேசாமல் இருக்கச் சொல்லி ஒரு நிமிடம் அந்த அறையின் அமைதியைப் பதியுங்கள். எடிட்டில் இரண்டு துண்டுகளை ஒட்டும்போது இடைவெளியை நிரப்ப அது இல்லையென்றால் தையல் தெரியும். வெளியில் எடுக்கும்போது மைக்குக்குப் பஞ்சுறை மட்டும் போதாது, ரோமப் போர்வையும் வேண்டும். காற்று அடித்துக் கெட்ட ஒலியை எந்த மென்பொருளும் முழுதாகக் காப்பாற்றாது.

இதற்கப்புறம்தான் சுவாரசியமான பகுதி. தொடு மைக் என்று ஒன்று உண்டு. காற்றில் வரும் ஒலியை அது பிடிக்காது, தொட்டிருக்கும் பொருளின் அதிர்வைப் பிடிக்கும். கதவு, தண்ணீர்க் குழாய், இரும்புக் கட்டில் எதிலும் ஒட்டலாம். ஒரு வீட்டைச் சுவர்களின் வழியாகக் கேட்டால் அந்த வீடே வேறாக இருக்கும். பேட்டியையும் ஒலியாக மட்டும் எடுத்துப் பாருங்கள். கேமரா இல்லாதபோது ஆட்கள் பேசுவதே வேறு மாதிரி, பாதி வாக்கியத்தில் நிறுத்தி யோசிக்கிறார்கள்.

ஆலைப் படத்துக்குத் திரும்புவோம். நிஜச் சங்கொலி கூடாது என்பது விதி. அப்படியானால் சங்கை எப்படிக் கேட்கவைப்பது? அங்கே வேலை பார்த்த ஒவ்வொருவரிடமும் ‘அந்தச் சங்கு எப்படி ஊதும், வாயால் ஊதிக் காட்டுங்கள்’ என்று கேட்கலாம். ஒருவர் நீளமாக இழுப்பார், இன்னொருவர் கடைசியில் ஒரு விக்கலோடு நிறுத்துவார், யாரோ ஒருவர் வெட்கப்பட்டு மறுத்துவிடுவார். ஒரே சத்தத்தின் இத்தனை வடிவங்களை, மறுத்தவரின் மௌனத்தையும் சேர்த்து, மூன்று நேரங்களிலும் மாற்றி மாற்றி வைத்தால் படத்தின் முதுகெலும்பு அதுவே ஆகிவிடும். ஓர் ஆவணக் காப்பகத்திலிருந்து அசல் சங்கொலியை வாங்கிப் போட்டிருந்தால் இது எதுவும் கிடைத்திருக்காது.

9. கோப்புகள்

எல்லாவற்றுக்கும் மூன்று பிரதிகள், குறைந்தது இரண்டு வகைச் சேமிப்பில், ஒன்று வேறு கட்டடத்தில். விநாடிக்கு 100 மெகாபிட் வேகத்தில் எடுத்தால் ஒரு மணி நேரத்துக்கு 45 ஜிகாபைட் ஆகும். இதை வைத்து முன்கூட்டியே கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். வெறுமனே காப்பி எடுக்காமல், செக்சம் (நகல் மூலத்தோடு அப்படியே ஒத்திருக்கிறதா என்று காட்டும் எண்) சரிபார்க்கும் மென்பொருளால் நகலெடுங்கள். அது முடியும்வரை மெமரி கார்டை அழிக்க வேண்டாம். கேமரா வைத்த கோப்புப் பெயரை மாற்றாமல், ஃபோல்டருக்கு மட்டும் தேதியும் இடமும் பெயராகக் கொடுங்கள்.

10. பழைய காட்சிகளைப் பயன்படுத்துவதாக இருந்தால்

எஸ்ஃபிர் ஷுப் 1927-இல் ரஷ்ய ஜார் அரசின் வீழ்ச்சியைப் பற்றி எடுத்த படத்துக்கு, பழைய செய்திப்படங்களோடு ஜார் குடும்பத்தின் சொந்தப் படச்சுருள்களையும் எடுத்துக்கொண்டார். அவர்கள் பெருமைக்காக எடுத்துக்கொண்டதே அவர்களுக்கு எதிரான சாட்சியாகத் திரும்பியது. பிறர் எடுத்த காட்சியின் சுவையே இதுதான்: எடுத்தவர் நினைக்காத ஒன்று அதில் எப்போதும் இருக்கும்.

உரிமை விஷயத்தில் ஒன்றை நினைவில் வையுங்கள். சுருள் யாரிடம் இருக்கிறதோ அவருக்கே காப்புரிமை இருக்கும் என்பதில்லை. குடும்பப் படச்சுருளைப் பெட்டியில் வைத்திருப்பவர் பேத்தியாக இருக்கலாம், படம் பிடித்தது ஒரு ஸ்டூடியோக்காரராக இருக்கலாம். பொது உரிமைக்கு வரும் காலக்கெடுவும், விமர்சனத்துக்காக நியாயமாகப் பயன்படுத்தும் விதிவிலக்கும் நாட்டுக்கு நாடு மாறும். உங்கள் நாட்டுச் சட்டத்தைத் தெரிந்த ஒருவரிடம் கேட்டுவிடுங்கள். எடுத்த ஒவ்வொரு துண்டுக்கும் மூலம், தொடக்க முடிவு நேரக்குறி, உரிமத்தின் எல்லை ஆகியவற்றை முதல் நாளிலிருந்தே ஓர் அட்டவணையில் எழுதுங்கள். விழாவுக்கு மட்டும் வாங்கிய உரிமம் பின்னாளில் ஒளிபரப்புக்குச் செல்லாது.

11. எடிட்டிங்

முதலில் எல்லாவற்றையும் பாருங்கள், வெட்டாமல், வேகமாக ஓட்டாமல். அலுப்பான வேலைதான். ஆனால் கதையை முன்னால் வைத்துக்கொண்டு எடுக்காததால், என்ன கிடைத்திருக்கிறது என்பது உங்களுக்கே தெரியாது. பார்க்கும்போது உடம்பு நிமிர்ந்த இடங்களை மட்டும் குறியுங்கள். ஒவ்வொன்றுக்கும் ஒரு சின்ன அட்டை எழுதிச் சுவரிலோ தரையிலோ பரப்புங்கள்.

அடுக்குவதற்குக் கதை இல்லையென்றால் வேறு என்ன இருக்கிறது? நிறைய இருக்கிறது. பட்டியல், நாட்காட்டி, கடிதம், வரைபடத்தில் ஒரு நடை, அகராதி, ஒரே இடத்துக்குத் திரும்பத் திரும்ப வரும் சுழற்சி. ஆலைப் படம் மூன்று ஷிஃப்டுகளின் சுழற்சியாக ஓடலாம். ஒவ்வொரு சுற்றிலும் ஏதோ ஒன்று கூடவோ குறையவோ வேண்டும், இல்லையென்றால் மூன்றாவது சுற்றில் அரங்கம் கைவிட்டுவிடும். சுற்றுக்குச் சுற்று பேச்சு குறைந்து சங்குக் குரல்கள் கூடுகின்றன என்று வைத்தால், கதையே இல்லாமல் ஒரு நகர்வு கிடைத்துவிடுகிறது.

முதல் மூன்று நான்கு நிமிடங்களுக்கு மற்றெல்லாவற்றையும்விட அதிக நாள் கொடுங்கள். இந்தப் படத்தை எப்படிப் பார்க்க வேண்டும், எப்படிக் கேட்க வேண்டும் என்று பார்வையாளருக்குப் பழக்கும் இடம் அது. ஷாட்டுகள் நீளமாகத்தான் இருக்கும், யாரும் விளக்க மாட்டார்கள், சத்தத்தைக் கவனி என்பதையெல்லாம் அங்கேயே செய்து காட்டிவிட வேண்டும். தொடக்கத்தில் வேகமாக வெட்டி ஆளைப் பிடித்துவிட்டுப் பிறகு மெதுவாகப் போகலாம் என்று நினைப்பது ஏமாற்றுவேலை. பத்தாம் நிமிடத்தில் கோபம்தான் வரும்.

வெட்டும் இடத்தை அர்த்தத்தை வைத்து மட்டும் தீர்மானிக்காதீர்கள். ஒரு ஷாட் முடியும்போது கண் சட்டத்தின் எந்த மூலையில் நிற்கிறது, அடுத்த ஷாட்டில் அந்த மூலையில் என்ன இருக்கிறது என்று பாருங்கள். ஒலியைப் படத்துக்கு முன்பாகவோ பின்பாகவோ வெட்டிப் பாருங்கள். இரண்டும் ஒரே இடத்தில் வெட்டுப்படும்போது அது ஒரு வாக்கியம் முடிந்தது போன்ற உணர்வைத் தரும், எல்லா வெட்டுமே அப்படி இருந்தால் படம் விக்கி விக்கி நடக்கும்.

ஒவ்வொரு பதிப்பையும் தேதியோடு சேமியுங்கள். வாரம் ஒருமுறையாவது முழுவதையும் நிறுத்தாமல், கையில் மவுஸ் இல்லாமல் பாருங்கள். டைம்லைனில் உட்கார்ந்து பார்ப்பது படத்தைப் பார்ப்பது ஆகாது. நீங்கள் ரொம்பப் பெருமைப்படும் ஷாட் ஒன்று இருக்கும். அதை ஒருநாள் தூக்கிவிட்டுப் பாருங்கள், பக்கத்திலுள்ள இரண்டு ஷாட்டுகள் மூச்சு விடுகின்றனவா என்று.

12. குரலும் எழுத்தும்

பின்னணிக் குரல் வேண்டும் என்று முடிவு செய்தால், ரஃப் கட்டுக்குப் பிறகு எழுதுங்கள். முன்பே எழுதினால் படம் உரைக்குப் படவிளக்கமாகச் சுருங்கிவிடும். திரையில் தெரிவதைச் சொல்லாதீர்கள், தெரிய முடியாததைச் சொல்லுங்கள். எழுதியதை உடனே உங்கள் குரலிலேயே தற்காலிகமாகப் பதிந்து டைம்லைனில் போடுங்கள். தாளில் அழகாக இருந்த வாக்கியங்களில் பாதி அங்கே கீழே விழும்.

சப்டைட்டிலைக் கடைசி வேலையாகத் தள்ளிவிடாதீர்கள். பேச்சு தாங்கி நிற்கும் சோதனைப் படத்தில் சப்டைட்டில் திரைச் சட்டத்தின் ஒரு பகுதி. கீழ்ப்பகுதியில்தான் முக்கியமான அசைவு இருக்கிறது என்றால் எழுத்தை மேலே ஏற்றலாம், இல்லை கறுப்புத் திரையில் தனியாகக் காட்டலாம். இரண்டு வரிக்கு மேல் வேண்டாம். வாய்விட்டு ஒருமுறை படித்து முடிக்கும் நேரமாவது திரையில் இருக்கட்டும். சில பேச்சை வேண்டுமென்றே மொழிபெயர்க்காமல் விடுவதும் ஒரு வழிதான், ஆனால் பேசியவர் அதற்கு ஒப்புக்கொள்ள வேண்டும். அவருடைய வார்த்தையை வெறும் ஓசையாக மாற்றும் உரிமை நமக்குத் தானாக வந்துவிடாது.

13. காட்டிப் பாருங்கள்

ஐந்தாறு பேர் போதும். விஷயமே தெரியாத ஒருவர், படத்தில் வரும் ஒருவர், எடிட்டிங் தெரிந்த ஒருவர் கட்டாயம் இருக்கட்டும். ‘பிடித்ததா’ என்று கேட்டால் மரியாதைக்கு ஏதாவது சொல்வார்கள். ‘என்னென்ன பார்த்தீர்கள், என்னென்ன கேட்டீர்கள், வரிசையாகச் சொல்லுங்கள்’ என்று கேளுங்கள். அவர்கள் விட்டுவிட்ட பகுதிகள்தான் பலவீனமானவை. ஓடும்போது திரையைப் பார்க்காமல் ஆட்களைப் பாருங்கள், எந்த நிமிடத்தில் நாற்காலி முனகுகிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். ஒருவர் ‘புரியவில்லை, ஆனால் விடமுடியவில்லை’ என்றால் அந்த இடத்தைத் தொட வேண்டாம். ‘எங்கே இருக்கிறேன் என்றே தெரியவில்லை’ என்றால் தொட வேண்டும். தீர்வு சொல்ல வருபவர்களிடம் நன்றி சொல்லிவிட்டு, அவர்கள் எந்த நிமிடத்தில் தடுமாறினார்கள் என்பதை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்.

14. முடிப்பு வேலைகள்

இனி வெட்டுவதில்லை என்று எடிட்டைப் பூட்டியபின் நிறமும் ஒலிக்கலவையும். ஒலிக்கலவைக்கு மட்டும் வெளியாளிடம் போக முடிந்தால் போங்கள். ஹெட்ஃபோனில் சரியாக இருந்த சமநிலை அரங்கில் கவிழும், அதிலும் ஆழ்ந்த அதிர்வொலிகள். அரங்குக்கான டிசிபி கோப்பு (திரையரங்குப் புரொஜெக்டரில் ஓடும் டிஜிட்டல் பிரதி) விநாடிக்கு 24 ஃபிரேமில் இருப்பதுதான் எல்லா இடத்திலும் தகராறில்லாமல் ஓடும். 25-இல் எடுத்த படத்தை 24-க்குக் கொண்டுவந்தால் நீளம் 4 சதவீதம் கூடும், ஒலியின் சுருதியும் இறங்கும், அதைத் திருத்த வேண்டும். 1998×1080 அல்லது 2048×858 என்பவை வழக்கமான 2கே அளவுகள். உங்கள் சட்டம் வேறு விகிதத்தில் இருந்தால் இரு பக்கமும் கறுப்பு விட்டு அதற்குள் வையுங்கள். டிசிபியை ஒரு நிஜ அரங்கில் முழுக்க ஓட்டிப் பார்க்காமல் எங்கும் அனுப்பாதீர்கள்.

படத்தில் ஒளி மின்னும் பகுதிகள் இருந்தால் எச்சரிக்கை அட்டை போடுவது கடமை. விநாடிக்கு மூன்று முறைக்கு மேல் மின்னுவது ஒளியால் தூண்டப்படும் வலிப்பு உள்ளவர்களுக்கு ஆபத்தாகலாம்.

15. விழாக்களும் திரையிடலும்

இந்த வகைப் படங்களுக்கென்றே கதவு திறந்திருக்கும் இடங்கள் உண்டு. ஜெர்மனியின் ஓபர்ஹவுசன் குறும்பட விழா 1954 முதல் நடக்கிறது. அமெரிக்காவின் ஆன் ஆர்பர் விழா 1963-இல் தொடங்கியது, சோதனை முயற்சிகளுக்குப் பெயர்போனது. பாரிஸின் சினெமா து ரெயல் 1978-லும், ஜப்பானின் யமகாட்டா 1989-லும் தொடங்கின. யமகாட்டா இரண்டாண்டுக்கு ஒருமுறை. அனுப்பும் முன் முந்தைய ஆண்டுகளின் பட்டியலைப் பார்த்து, உங்கள் படத்துக்குச் சொந்தக்காரர்கள் போல யாராவது அங்கே இருக்கிறார்களா என்று பாருங்கள். அப்படி யாரும் இல்லாத விழாவுக்குக் கட்டணம் கட்டுவது வீண். கட்டண விலக்கு கேட்டு எழுதலாம், பல விழாக்கள் தரும்.

எந்த நீளம் வரை குறும்படம் என்பது விழாவுக்கு விழா வேறு. ஆஸ்கர் விதியில் பெயர்ப்பட்டியலோடு சேர்த்து 40 நிமிடம்வரை குறும்படம். 40-க்கும் 60-க்கும் நடுவில் நிற்கும் படம் பல இடங்களில் எந்தப் பிரிவிலும் அடங்காமல் தவிக்கும், தெரிந்தே செய்யுங்கள். முதல் திரையிடல் தங்களிடம்தான் நடக்க வேண்டும் என்று சில விழாக்கள் கேட்கும், அதனால் இணையத்தில் பொதுவில் ஏற்றுவதைத் தள்ளிப்போடுங்கள். விழாவுக்கு வெளியேயும் வழி இருக்கிறது. சான் பிரான்சிஸ்கோவின் கேன்யன் சினிமா, பாரிஸின் லைட் கோன், லண்டனின் லக்ஸ் போன்ற அமைப்புகள் சோதனைப் படங்களைப் பல ஆண்டுகளாக விநியோகிக்கின்றன. சுழற்சியாக ஓடும் படம் என்றால் கலைக் காட்சிக்கூடத்தில் தொடர்ந்து ஓடும் நிறுவலாகவும் (இன்ஸ்டலேஷன்) வைக்கலாம், ஆனால் அங்கே பார்வையாளர் எந்த நிமிடத்தில் வேண்டுமானாலும் உள்ளே வருவார் என்பதால் தனிப் பதிப்பு தேவைப்படும்.

16. கடைசிப் பிரதி

திரையில் எழுத்து எதுவும் இல்லாத மூலப் பிரதி, சப்டைட்டில் கோப்பு, ஒலியின் தனித்தனி அடுக்குகள், பேச்சின் முழு எழுத்துவடிவம், ஒப்புதல் படிவங்கள், உரிம அட்டவணை, படத்தில் வரும் இசையின் பட்டியல், ஓரிரண்டு நிழற்படங்கள், பத்து வரிச் சுருக்கம். எல்லாம் ஒரே ஃபோல்டரில். இதைப் படம் முடிந்த வாரத்திலேயே செய்யுங்கள், ஒரு வருடம் கழித்து விழாக்காரர் இரண்டு நாள் கெடுவில் கேட்கும்போது தேட முடியாது. படத்தில் வந்த எல்லோருக்கும், அவர்கள் வீட்டில் எதில் ஓடுமோ அந்த வடிவத்தில் ஒரு பிரதி கொடுங்கள். அவர்களுடைய பகுதிகளின் வெட்டாத காட்சியையும் கேட்டால் சேர்த்துக் கொடுங்கள். ஹார்டு டிஸ்க்குகளை ஆண்டுக்கு ஒருமுறையாவது இயக்கி, செக்சம் ஒத்துவருகிறதா என்று பார்த்து, வருடங்கள் ஆன டிஸ்க் கெடும்வரை காத்திராமல் புதியதற்கு மாற்றிவிடுங்கள்.